கொத்துக்கறி அரிசிக் கேசரோல்: மேலே நறுக்கரிசி, நடுவே குழைசோறு என்று ஆகாமல் செய்வது எப்படி?

வதக்கிய மாட்டுக் கொத்துக்கறி, வேகவைக்காத அரிசி, டப்பாவில் வரும் காளான் கிரீம் சூப் மூன்றையும் ஒரே பாத்திரத்தில் சேர்த்து ஓவனில் வைத்தால் மேலே உள்ள அரிசி நறுக்கென்று கடிபடுகிறது, நடுவில் குழைந்துவிடுகிறது, ஓரம் காய்ந்துபோகிறது; சரியான அளவும் முறையும் என்ன என்று கேட்டிருக்கிறீர்கள்.

இந்தச் சாப்பாட்டில் கறி ஒரு பிரச்சினையே இல்லை. ஓவனுக்குள் போவதற்கு முன்பே அது வெந்துவிடுகிறது. உள்ளே நடக்கிற வேலை முழுவதும் அரிசி சோறாவதுதான். அதனால் மூன்று விஷயங்களைத்தான் பிடித்துக்கொள்ள வேண்டும்: அரிசிக்கு உண்மையில் கிடைக்கும் தண்ணீர் எவ்வளவு, அந்தத் தண்ணீர் உள்ளே போகும்போது எவ்வளவு சூடாக இருக்கிறது, ஆவி தப்பிக்காமல் மூடியிருக்கிறோமா. பலரும் மேலே அரிசி வேகவில்லை என்றதும் அடுத்த முறை ஒரு கப் தண்ணீரைக் கூட்டுகிறார்கள். அது தவறான வைத்தியம். மேல் அரிசி வேகாததற்குக் காரணம் ஆவி வெளியேறியது. கூடுதல் தண்ணீர் அடியில் போய்த் தங்கி நடுப்பகுதியை இன்னும் குழைக்கும், மேலே அதே நறுக்கரிசிதான் இருக்கும்.

இது அமெரிக்காவின் மத்திய மேற்கு வடபகுதி வீடுகளின் சாப்பாடு. மினசோட்டாவிலும் வடக்கு, தெற்கு டகோட்டா மாநிலங்களிலும் இந்த வகையை ஹாட்டிஷ் என்பார்கள். மற்ற மாநிலங்களில் கேசரோல். மினசோட்டாவின் மங்கேட்டோ நகரில் கிரேஸ் லூதரன் தேவாலயப் பெண்கள் 1930-ல் வெளியிட்ட சமையல் தொகுப்பில் இருப்பதைத்தான் அச்சில் வந்த மிகப் பழைய ஹாட்டிஷ் குறிப்பு என்று பரவலாகச் சொல்கிறார்கள். அதில் கொத்துக்கறி, வெங்காயம், செலரி, டப்பாப் பட்டாணி, தக்காளி சூப், மக்ரோனி. பொருளாதாரப் பெருமந்தம் நடந்துகொண்டிருந்த காலம். கொஞ்சம் கறியைப் பெரிய குடும்பத்துக்குப் பங்கிட வேண்டிய நிலை. 1934-ல் கேம்பெல் நிறுவனம் காளான் கிரீம் சூப்பை விற்பனைக்குக் கொண்டுவந்ததும் அடுப்பருகே நின்று வெள்ளை சாஸ் கிண்டும் வேலை ஒழிந்தது. தேவாலய விருந்துகளில் அந்த டப்பா இல்லாத பதார்த்தமே இல்லை என்கிற அளவுக்குப் போய், அதற்கு லூதரன் பைண்டர், அதாவது லூதரன் சபையாரின் பிணைப்புப் பசை என்று பட்டப்பெயரும் வந்தது.

அந்த டப்பா சூப்தான் உங்கள் சிக்கலின் பாதிக் காரணமும். அது மாவு சேர்த்துக் கெட்டியாக்கப்பட்ட திரவம். வெறும் தண்ணீர் கொதிக்கும்போது அடியில் சூடானது மேலே வரும், மேலே இருப்பது கீழே போகும். எல்லா அரிசிக்கும் சூடு சமமாகப் பரவும். கெட்டித் திரவத்தில் இந்தச் சுழற்சி கிட்டத்தட்ட நின்றுவிடும். ஓரத்தில் குமிழி விட்டுக்கொண்டிருக்கும்போது நடுப்பகுதி வெதுவெதுப்பாகவே இருக்கும். நீள அரிசியின் மாவுச்சத்து ஏறத்தாழ 70 டிகிரி செல்சியஸ் தாண்டினால்தான் தண்ணீரை இழுத்து வேகும். அதுவரை நடுவில் உள்ள அரிசி வெறுமனே ஊறிக்கொண்டிருக்கும். ஊறிய அரிசி பிறகு வேகும்போது சீக்கிரமே வெடித்துக் குழையும். ஒரே பாத்திரத்தில் மூன்று பதம் வருவது இப்படித்தான்.

கீழே உள்ள அளவு 23க்கு 33 செ.மீ., அதாவது அமெரிக்க வீடுகளில் 9க்கு 13 அங்குலம் என்று வழங்கும், 5 செ.மீ. ஆழமுள்ள பேக்கிங் பாத்திரத்துக்கானது. பசியோடு உட்காரும் 6 பேருக்குத் தாராளம், 8 பேருக்குப் போதும். கப் என்பது 240 மி.லி.

மாட்டுக் கொத்துக்கறி 700 கிராம், கொழுப்பு 15 முதல் 20 சதவீதம்
நீளமான வெள்ளைப் பச்சரிசி 280 கிராம், அதாவது ஒன்றரைக் கப்
காளான் கிரீம் சூப் ஒரு டப்பா, 298 கிராம், தண்ணீர் கலக்காமல்
மாட்டு எலும்பு ஸ்டாக், உப்பு குறைந்தது, 600 மி.லி.
வெங்காயம் 2, மொத்தம் 250 கிராம்
செலரி 2 தண்டு, குடைமிளகாய் 1
பூண்டு 4 பல்
வூஸ்டர்ஷயர் சாஸ் 1 மேசைக்கரண்டி
தூள் பாப்ரிகா 1 தேக்கரண்டி, காய்ந்த தைம் அரைத் தேக்கரண்டி, மிளகுத்தூள் 1 தேக்கரண்டி, பிரிஞ்சி இலை 1
செடார் சீஸ் 150 கிராம், கட்டியாக வாங்கித் துருவியது
உப்பு அரைத் தேக்கரண்டி, அதுவும் கறிக்கு மட்டும்

உப்பைப் பற்றி உடனே சொல்லிவிட வேண்டும். டப்பா சூப்பில் மட்டும் சுமார் 2 கிராம் சோடியம் இருக்கும். உப்பாகக் கணக்கிட்டால் ஒரு தேக்கரண்டிக்குச் சற்றுக் குறைவு. அதற்கு மேல் சீஸ், வூஸ்டர்ஷயர், ஸ்டாக். சாதாரண ஸ்டாக் கட்டியை முழு அளவில் கரைத்து ஊற்றினால் சாப்பிட முடியாத கரிப்பு வரும். உப்புக் குறைந்த ஸ்டாக் கிடைக்கவில்லையா, ஸ்டாக் பாதி, வெந்நீர் பாதி என்று வையுங்கள். உப்பைச் சாப்பாட்டு மேசையில் கூட்டிக்கொள்ளலாம், எடுக்க முடியாது.

தண்ணீர்க் கணக்கு இப்படி. 280 கிராம் அரிசி நன்றாக வெந்து சோறாக 500 முதல் 560 மி.லி. வரை குடிக்கும். நாம் ஊற்றுவது 600. சூப்பில் இன்னொரு 230 மி.லி. அளவு தண்ணீர் இருக்கிறது, ஆனால் அதில் பெரும்பகுதி மாவோடு கட்டுண்டது. அது அரிசிக்குப் போவதைவிட சாஸாகவே நிற்கும். இறுக்கி மூடினால் ஆவியாகப் போவது கொஞ்சம்தான். முடிவில் சோறு தனித்தனியாகவும் அதைச் சுற்றி ஒரு கெட்டிச் சாஸும் மிஞ்ச வேண்டும். மூடாமல் வேகவைத்தால் இந்தக் கணக்கு எதுவும் செல்லாது.

எந்த அரிசி என்பது முக்கியம். அமெரிக்கக் கடைகளில் சாதாரண நீள வெள்ளை அரிசிதான் இந்தக் குறிப்புகளுக்கு அடிப்படை. பாஸ்மதி நன்றாக வரும். ஸ்டாக்கை 550 மி.லி. ஆகக் குறைத்து, 40 நிமிடத்திலேயே சோதித்துப் பாருங்கள். நீள அரிசியின் புழுங்கல் வகை, அமெரிக்காவில் கன்வர்டட் என்று விற்பது, இதற்கு மிகவும் பொறுமையான அரிசி: 60 மி.லி. கூடுதல் ஸ்டாக், 10 நிமிடம் கூடுதல் நேரம், ஆனால் எளிதில் குழையாது. முதல்முறை செய்பவருக்கு நான் அதையே சொல்வேன். சோனா மசூரி போன்ற நடுத்தர அரிசி கெட்டிச் சாஸில் ஒட்டிக்கொள்ளும், கிளறினால் உடையும். வேறு வழியில்லை என்றால் ஒரு மேசைக்கரண்டி எண்ணெயில் அரிசியை 3 நிமிடம் வறுத்துவிட்டுச் சேருங்கள். இரண்டே நிமிடத்தில் வேகும் உடனடி அரிசி வேண்டவே வேண்டாம், அது இந்த நேரத்தில் கூழாகும்.

அரிசியைக் கழுவுங்கள், தண்ணீர் ஓரளவு தெளியும்வரை. சாஸிலேயே போதிய மாவு இருக்கிறது. அரிசியின் மேல்மாவும் சேர்ந்தால் பசையாகும். கழுவியபின் சல்லடையில் 10 நிமிடம் வடிய விடுங்கள். ஊறவைக்க வேண்டாம்.

கறிக்கு வருவோம். அடிகனமான 30 செ.மீ. இரும்புச் சட்டியைப் புகை எழுவதற்குச் சற்று முன்புவரை சூடாக்கி, ஒரு தேக்கரண்டி எண்ணெய் விட்டு, கறியில் பாதியை மட்டும் போடுங்கள். கறியைச் சட்டியில் பரத்தி, அடையாக அழுத்தி, 4 நிமிடம் தொடாமல் விடுங்கள். இதில்தான் பெரும்பாலானோர் அவசரப்படுகிறார்கள். 700 கிராமையும் ஒன்றாகக் கொட்டிக் கிண்டினால் கறி விட்ட சாறு சட்டியின் சூட்டை இறக்கிவிடும். கறி தன் தண்ணீரிலேயே வெந்து சாம்பல் நிறமாகும். நிறம் ஏறாத கறிக்கு மணம் கிடையாது, பிறகு எத்தனை மசாலா போட்டாலும் அந்தக் குறை தீராது. சரியாக நடக்கும்போது சத்தத்திலேயே தெரியும்: முதலில் சளசளவென்று தண்ணீர்ச் சத்தம், பிறகு அது அடங்கிச் சுள்ளென்று பொரியும் சத்தம். பொரியும் சத்தம் வந்து அடிப்பக்கம் கரும்பழுப்பானதும் திருப்பிப் போட்டு, கரண்டி விளிம்பால் உடையுங்கள். பட்டாணி அளவுக்குப் பொடியாக்காதீர்கள். சுண்டைக்காய் அளவில் சில கட்டிகள் இருந்தால்தான் சோற்றுக்கு நடுவே கறி கறியாகத் தெரியும்.

கொழுப்புச் சதவீதத்தை லேபிளில் பார்த்து வாங்குங்கள். 80/20 என்றால் 20 பங்கு கொழுப்பு. சுவை நன்றாக இருக்கும், ஆனால் உருகுவதை வடிக்க வேண்டும். 2 மேசைக்கரண்டி மட்டும் சட்டியில் வைத்துக்கொண்டு மீதியைக் காலி டப்பாவில் ஊற்றி ஆறியபின் எறியுங்கள். தொட்டிக் குழாயில் ஊற்றினால் உறைந்து அடைக்கும். வடிக்காமல் விட்டால் கேசரோலின் மேல் ஆரஞ்சு நிற எண்ணெய் படலமாக நிற்கும். 93/7 மாதிரி மெலிந்த கறி ஓவனில் இன்னும் ஒரு மணி நேரம் இருந்தபின் மணல்போல் ஆகும். அதற்கு வடிப்பும் வேண்டாம், கூட 20 கிராம் வெண்ணெய் சேருங்கள். இந்தியாவில் மாட்டுக்கறி என்று கடைகளில் கிடைப்பது பெரும்பாலும் எருமைக்கறி, கொழுப்பு குறைவு; அதற்கும் இதே வெண்ணெய்க் கணக்குதான். கடைக்காரரிடம் கொத்தும்போதே கொழுப்பில் ஒரு பங்கைச் சேர்க்கச் சொன்னால் இன்னும் நல்லது.

கறி வெந்ததா என்பதை நிறம் பார்த்து முடிவு செய்யக்கூடாது. முழுத்துண்டு இறைச்சியில் கிருமி பெரும்பாலும் மேற்பரப்பில்தான் இருக்கும். கொத்தும்போது அது உள்ளே எல்லாம் கலந்துவிடுகிறது. அதனால்தான் அமெரிக்க வேளாண் துறை கொத்துக்கறிக்கு 71 டிகிரி செல்சியஸ் என்று வைத்திருக்கிறது. இங்கே வதக்கும்போதும் ஓவனிலும் அதைத் தாண்டிவிடும் என்பதால் கவலை இல்லை. கவலைப்பட வேண்டியது ஒன்றே: இன்று கறியை அரைகுறையாக வதக்கி வைத்துவிட்டு நாளை ஓவனில் போடுவது. அதைச் செய்யாதீர்கள்.

கறியை எடுத்து வைத்துவிட்டு அதே சட்டியில் வெங்காயம், செலரி, குடைமிளகாய் போட்டு மிதமான சூட்டில் 8 நிமிடம். அடியில் ஒட்டியிருக்கும் பழுப்பு, வெங்காயம் விடும் தண்ணீரில் கரையும். மரக்கரண்டியால் சுரண்டி எடுங்கள், மணம் அதில்தான் இருக்கிறது. வெங்காயம் கண்ணாடியாகி ஓரம் பொன்னிறம் காட்டினால் போதும். காயைப் பச்சையாகவே ஓவனில் போடுபவர்கள் உண்டு. அந்தத் தண்ணீர் நம் கணக்கில் இல்லாதது, செலரியும் கடைசிவரை நார்நாராகக் கடிபடும். பூண்டு, பாப்ரிகா, தைம் சேர்த்து ஒரு நிமிடம். பிறகு அரிசியைப் போட்டு 2 நிமிடம் புரட்டி, ஒவ்வொரு மணியிலும் கொழுப்பு பூசும்படி செய்யுங்கள்.

இப்போது ஸ்டாக், சூப், வூஸ்டர்ஷயர், பிரிஞ்சி இலை, கறி, மிளகு எல்லாவற்றையும் அதே சட்டியில் சேர்த்து ஒரு கொதி வரும்வரை கிளறுங்கள். இந்தப் படி உங்கள் பாதிப் பிரச்சினையைத் தீர்க்கும். குளிர்ந்த ஸ்டாக்கும் குளிர்ந்த சூப்பும் கனத்த கண்ணாடிப் பாத்திரத்தில் ஓவனுக்குள் போனால் அது கொதிநிலையை எட்டவே அரை மணி நேரம் ஆகலாம். 45 நிமிடம் வேகவைத்தேன் என்று நினைத்துக்கொண்டிருப்பீர்கள், உண்மையில் அரிசி வெந்தது 15 நிமிடமாக இருக்கும். கொதிக்கக் கொதிக்க உள்ளே போனால் குறித்த நேரம் முழுவதும் வேகும் நேரம்.

பாத்திரம் கண்ணாடி என்றால் ஒரு எச்சரிக்கை. கார்னிங் நிறுவனம் பைரெக்ஸை 1915-ல் கொண்டுவந்ததிலிருந்து கேசரோல் என்றாலே கண்ணாடிப் பாத்திரம் என்று ஆகிவிட்டது. ஆனால் திடீர் வெப்ப மாற்றத்தில் கண்ணாடி வெடிக்கும். குளிர்பதனப் பெட்டியிலிருந்து எடுத்த பாத்திரத்தில் கொதிக்கும் சாஸை ஊற்றாதீர்கள். முன்பே வெந்நீரில் அலசித் துடைத்து வையுங்கள். ஓவனிலிருந்து எடுத்ததும் ஈர மேடையிலோ எஃகுத் தொட்டியிலோ வைக்காமல் காய்ந்த துணி மேல் வையுங்கள். மேல்சூட்டில் மட்டும் வாட்டும் பிராய்லர் வேலைக்குக் கண்ணாடியைப் பயன்படுத்தவே வேண்டாம். பீங்கான் பூசிய இரும்புப் பாத்திரம் இருந்தால் இந்தத் தொல்லை எதுவும் இல்லை.

வெண்ணெய் தடவிய பாத்திரத்தில் ஊற்றிச் சமன் செய்து, கரண்டியின் பின்புறத்தால் மேலே துருத்தும் அரிசியைத் திரவத்துக்குள் அமுக்குங்கள். திரவத்துக்கு மேலே நிற்கும் மணிகள்தான் கடைசியில் பல்லில் கடிபடுபவை.

மூடுவது. பாத்திரத்தின் விளிம்பைத் துணியால் துடையுங்கள். எண்ணெயோ சாஸோ பட்ட விளிம்பில் ஃபாயில் வழுக்கும். அலுமினியம் ஃபாயிலை இரட்டையாக மடித்து, விளிம்பைத் தாண்டி எல்லாப் பக்கமும் 4 செ.மீ. தொங்கும்படி வெட்டி, முதலில் நீளப் பக்கங்கள், பிறகு அகலப் பக்கங்கள், கடைசியில் நான்கு மூலைகள் என்று விளிம்புக்கு அடியில் மடித்து இறுக்குங்கள். ஆவி தப்பும் இடம் மூலைதான். சரியாக மூடியிருந்தால் 15 நிமிடத்தில் ஃபாயில் பிரியாணித் தம் சட்டியின் மூடியைப்போல் லேசாக உப்பி நிற்கும். உப்பவில்லை என்றால் எங்கோ ஓட்டை இருக்கிறது. துணி பிடித்து மறுபடி இறுக்குங்கள். பளபளக்கும் பக்கம் உள்ளேயா வெளியேயா என்பதில் எந்த வித்தியாசமும் இல்லை.

ஓவன் 190 டிகிரி செல்சியஸ், முன்கூட்டியே முழுவதும் சூடேறியிருக்க வேண்டும். நடுத்தட்டு. 25 நிமிடம் கழித்து வெளியே எடுத்து, ஃபாயிலை உங்களுக்கு எதிர்ப்பக்க மூலையிலிருந்து திறந்து (ஆவி முகத்தில் அடித்தால் சுடும்), ஒரே ஒருமுறை ஓரத்தில் உள்ளதை நடுவுக்கும் நடுவில் உள்ளதை ஓரத்துக்கும் மாற்றிக் கிளறி, சமன்படுத்தி, மறுபடி இறுக்கி மூடி இன்னும் 20 நிமிடம். கெட்டித் திரவத்தில் சுழற்சி இல்லை என்று சொன்னேன் அல்லவா, அந்தச் சுழற்சியை நாம் கையால் கொடுப்பதுதான் இது. பல குறிப்புகள் திறக்கவே கூடாது என்கின்றன. 30 வினாடிக்குள் முடித்துவிட்டால் இழப்பைவிட லாபம் அதிகம். இரண்டு முறை மூன்று முறை கிளறினால் மட்டும் அரிசி உடைந்து மாவு விடும்.

45 நிமிடத்தில் சோதனை. நடுவிலிருந்து இரண்டு மணி, ஒரு மூலையின் மேற்பரப்பிலிருந்து இரண்டு மணி எடுத்து விரலால் நசுக்குங்கள். உள்ளே வெள்ளைப் புள்ளி தெரிந்தால் இன்னும் வேக வேண்டும். திரவம் மிச்சம் இருந்து அரிசி வேகவில்லை என்றால் மூடி மேலும் 10 நிமிடம், வேறொன்றும் வேண்டாம். திரவமும் வற்றி அரிசியும் வேகவில்லை என்றால் கொதிக்கும் ஸ்டாக் 100 மி.லி.யைப் பரவலாகத் தெளித்து, மூடி 15 நிமிடம். பச்சைத் தண்ணீர் ஊற்றினால் எல்லாம் ஆறிப்போகும். அரிசி வெந்து சாஸ் நீர்த்திருந்தால் மூடியை எடுத்துவிட்டு சீஸோடு சேர்த்துக் காயவிடலாம். முழுக்கக் குழைந்துவிட்டால் திருத்த வழி கிடையாது, மேலே மொறுமொறுப்பாக ஏதாவது தூவிப் பரிமாறுவதுதான்.

சீஸ் கடைசி 12 நிமிடத்துக்குத்தான். ஆரம்பத்திலேயே போட்டால் ஃபாயிலில் ஒட்டி, எண்ணெய் பிரிந்து தோலாகும். ஏற்கெனவே துருவிய பாக்கெட் சீஸில் ஒட்டாமலிருக்கத் தூள் கலந்திருப்பார்கள், அது சீராக உருகாது. மொறுமொறுப்பு வேண்டுமானால் உப்பு பிஸ்கட்டோ ரொட்டித்தூளோ 60 கிராம், உருக்கிய வெண்ணெய் 30 கிராம் சேர்த்துப் பிசறி சீஸுக்கு மேலே. மூடி இல்லாமல் 190 டிகிரியில் ஓரம் குமிழி விட்டு மேலே பொன்னிறமாகும்வரை. வெளியே எடுத்தபின் 15 நிமிடம் ஆறட்டும். அப்போதுதான் மாவு இறுகி சாஸ் அரிசியைப் பிடிக்கும். உடனே வெட்டினால் தட்டில் ஓடும், பாத்திரத்தில் குழி விழும்.

இந்திய வீடுகளில் உள்ள ஓடிஜி ஓவனில் இந்தப் பெரிய பாத்திரம் பெரும்பாலும் நுழையாது. 20க்கு 20 செ.மீ. பாத்திரம், எல்லா அளவும் பாதி. ஆழம் அதேதான் என்பதால் நேரமும் கிட்டத்தட்ட அதேதான். மாறாக, முழு அளவையும் சின்ன, ஆழமான பாத்திரத்தில் திணித்தால் ஓரம் குழையும்வரை நடு வேகாது. மேல் கம்பி மிக அருகில் இருக்கும், ஆகவே மூடியிருக்கும்வரை கீழ்க் கம்பி மட்டும், மூடி எடுத்தபின் இரண்டும். விசிறி உள்ள ஓவனில் 15 டிகிரி குறையுங்கள். டென்வர் போல 1600 மீட்டர் உயரத்தில் இருப்பவர்களுக்குத் தண்ணீர் 95 டிகிரியிலேயே கொதித்துவிடும். ஸ்டாக் 60 மி.லி. கூடுதல், நேரம் 10 முதல் 15 நிமிடம் கூடுதல்.

டப்பா சூப் கிடைக்காத இடத்தில், அல்லது அதன் உப்பு பிடிக்காதவர்களுக்கு: 150 கிராம் மொட்டுக் காளானைப் பொடியாக நறுக்கி 30 கிராம் வெண்ணெயில் தண்ணீர் வற்றிப் பழுப்பேறும்வரை வதக்கி, 3 மேசைக்கரண்டி மைதா தூவி 2 நிமிடம் வறுத்து, பால் 200 மி.லி., ஸ்டாக் 100 மி.லி. சிறிது சிறிதாக ஊற்றிக் கிண்டுங்கள். தோசைமாவைவிடக் கெட்டியாக வரும். அரைத் தேக்கரண்டி உப்பு. டப்பாவுக்கு நேர்மாற்று இது, சுவையில் அதைத் தோற்கடிக்கும்.

தக்காளி சேர்த்துச் செய்ய விரும்பினால் வெறுமனே சூப்பை மாற்றிவிட்டு மற்றதை அப்படியே வைக்கக்கூடாது. புளிப்பில் அரிசி மெதுவாகத்தான் மிருதுவாகும். கறி, காய், அரிசி, 550 மி.லி. ஸ்டாக் இவற்றை அடுப்பிலேயே மூடி 8 நிமிடம் கொதிக்கவிட்டு, அதன்பின் நசுக்கிய டப்பாத் தக்காளி 400 கிராம் சேர்த்து ஓவனுக்கு அனுப்புங்கள். துண்டுகளாக வரும் டப்பாத் தக்காளியில் வடிவம் கெடாமலிருக்கக் கால்சியம் குளோரைடு சேர்த்திருப்பார்கள், எவ்வளவு நேரம் வைத்தாலும் அது கரையாது. தக்காளி ஃபாயிலில் பட்டால் ஃபாயில் அரித்துப் பொத்தலாகும். நடுவே ஒரு பேக்கிங் தாளை வையுங்கள்.

மினசோட்டாவில் மிகவும் பிரியமான ஒரு வடிவம் சௌமீன் ஹாட்டிஷ். பெயரில் சீனம் இருந்தாலும் அது முழுக்க அந்த ஊர்ச் சாப்பாடு. கறி 450 கிராம், அரிசி அரைக் கப் மட்டும், செலரி ஒரு கப் தாராளமாக, காளான் சூப் ஒன்று, கோழி கிரீம் சூப் ஒன்று, வெந்நீர் 360 மி.லி., சோயா சாஸ் 3 மேசைக்கரண்டி, தனியே உப்பு கிடையாது. 175 டிகிரியில் மூடி ஒரு மணி நேரம், திறந்து 20 நிமிடம். கடைசி 10 நிமிடத்தில் டப்பாவில் வரும் மொறு நூடுல்ஸ் மேலே. இதில் அரிசி குறைவு, சாஸ் அதிகம், அதனால் தவறு நடக்கவே இடமில்லை. முதன்முறை செய்கிறீர்கள் என்றால் இதிலிருந்தே தொடங்கலாம்.

அதே மாநிலத்தின் ஏரிகளில் விளையும் காட்டரிசி இன்னொரு உயர்ந்த வழி. ஒஜிப்வே மக்கள் மனூமின் என்று அழைத்து, கோடை முடிவில் படகில் போய்க் கோலால் தட்டி அறுவடை செய்யும் தானியம். 1977-ல் மினசோட்டா அதை மாநிலத் தானியமாக அறிவித்தது. இதை மட்டும் ஓவனில் வேகவிட நம்பாதீர்கள். ஏரியில் அறுத்த பழுப்பு மணி அரை மணி நேரத்துக்குள் வெந்துவிடும், வயலில் பயிரிட்ட கன்னங்கரிய மணிக்கு ஒரு மணி நேரம்கூட ஆகும். பாக்கெட்டைப் பார்த்து நேரம் சொல்ல முடியாது. தனியே வேகவைத்து, மணி வெடித்து வெண்மை தெரிந்ததும் வடித்து, 4 கப் எடுத்துக்கொள்ளுங்கள். ஸ்டாக் 200 மி.லி. போதும், 190 டிகிரியில் 30 நிமிடம். மிஞ்சிய வெள்ளைச் சோற்றில் செய்வதற்கும் இதே கணக்கு.

முன்கூட்டியே தயாரிப்பதென்றால் அரிசியையும் திரவத்தையும் கலந்து இரவெல்லாம் குளிர்பதனப் பெட்டியில் வைக்காதீர்கள். காலையில் அது குழைசோற்றுக்கான ஊறலாக இருக்கும். கறியையும் காயையும் முழுக்க வதக்கி ஒரு டப்பாவில், கழுவாத அரிசியைத் தனியே வைத்துக்கொண்டு, வேண்டும்போது ஸ்டாக்கோடு கொதிக்கவைத்துச் சேருங்கள். 15 நிமிட வேலை.

மிச்சம் வைப்பதில் அலட்சியம் கூடாது. அரிசியில் பாசில்லஸ் சீரியஸ் என்ற கிருமியின் விதைகள் வேகவைத்தும் சாகாமல் இருக்கும். வெதுவெதுப்பான சோற்றில் முளைத்துப் பெருகி நஞ்சு விடும். வாந்தி வரவைக்கும் அந்த நஞ்சு மறுபடி சூடாக்கினாலும் போகாது. அதனால் மேசையில் 2 மணி நேரத்துக்கு மேல் வைக்காமல், பெரிய பாத்திரத்தோடு அப்படியே உள்ளே தள்ளாமல், ஆழம் குறைந்த டப்பாக்களில் பிரித்து குளிர்பதனப் பெட்டியில் வையுங்கள். 3, 4 நாளுக்குள் முடித்துவிடுங்கள். உறையவைத்தால் 2 மாதம் வரை சுவை நிற்கும், சாஸ் கொஞ்சம் திரியும். சூடாக்கும்போது ஒரு பங்குக்கு 2 மேசைக்கரண்டி பாலோ ஸ்டாக்கோ தெளித்து, மூடி, 175 டிகிரி ஓவனில் 20 முதல் 25 நிமிடம். நடுவில் 74 டிகிரி காட்ட வேண்டும். மைக்ரோவேவ் என்றால் பாதிச் சக்தியில், நடுவே ஒருமுறை கிளறி.